இறக்கை முளைத்த குதிரை

இல்லத்து நூலகம்



நம் இல்லங்களில் குழந்தைகளுக்கென வாங்கி வைத்திருக்கும் நூல்களை ஒருமுறை எண்ணிப் பாருங்கள். பாடநூல், அதற்கொரு துணைநூல், பொது அறிவு வினா விடை, ஆங்கில இலக்கணம், கையெழுத்துப் பயிற்சி ஏடு, மார்க்கக் கல்விக்கென ஒன்றிரண்டு நூல்கள். கதைநூல் என்று ஒன்று உள்ளே நுழைந்தால் அதுவும் 'இக்கதையால் அறியும் நீதி' என்று கடைசிப் பக்கத்தில் தடித்த எழுத்தில் முடிவதாக இருத்தல் வேண்டும். இவை யாவும் தேவையானவையே. எனினும் அந்த அடுக்கில் ஒரு நூல் குறைகிறது.

புத்தகக் கடையில் குழந்தை தானாகக் கை நீட்டி எடுத்த நூல் அது. அதன் அட்டையில் மீனுக்குக் கால் முளைத்திருக்கிறது. வீடு மரத்தின் மேல் தலைகீழாகத் தொங்குகிறது. நிலவைக் கயிற்றில் கட்டி ஒரு சிறுமி இழுத்துச் செல்கிறாள். "இதெல்லாம் என்ன கிறுக்குத்தனம்? உருப்படியாக ஒன்றை எடு" என்று அத்தா அதை வாங்கி அடுக்கிலேயே திருப்பி வைத்துவிடுகிறார். குழந்தை வாதிடுவதில்லை, பொது அறிவு வினா விடையைச் சுமந்துகொண்டு வீடு திரும்புகிறது. திருப்பி வைக்கப்பட்ட அந்த நூலைப் பற்றித்தான் இம்மாதம் சிறிது சிந்திக்க இருக்கிறோம்.

குழந்தைக்கு எது விந்தை?

வங்கக் கடலோரமாகப் புதுச்சேரியிலிருந்து வடக்கே செல்லும் கிழக்குக் கடற்கரைச் சாலையில் பொம்மையார்பாளையத்தைக் கடந்து, நம் மக்கள் நிறைந்து வாழும் கூனிமேட்டையும் தாண்டிச் சென்றால் மரக்காணத்து உப்பளங்கள் கண்ணில் படும். பாத்திகளில் உவர்நீரைப் பாய்ச்சுகின்றனர். வெயிலும் காற்றும் தம் வேலையைச் செய்கின்றன. சில நாட்களில் நீர் இருந்த இடத்தில் வெள்ளை மணிகள் கிடக்கின்றன. பெரியவர்களுக்கு இது கூலிக்குரிய வேலை; மழை வந்தால் கெட்டுப்போகும் சரக்கு. நான்கு வயதுக் குழந்தைக்கோ, தண்ணீர் கல்லாகிவிட்டது! கால் முளைத்த மீனைவிட இது எவ்வகையில் குறைந்த அதிசயம்?

குழந்தை பிறந்து விழுந்திருப்பதே விந்தை நிறைந்த உலகில். எது நடக்கக் கூடியது, எது நடக்க இயலாதது என்னும் எல்லைக்கோட்டை அது இன்னும் வரைந்து முடிக்கவில்லை. ஆதலின் விசித்திரமான நூல் அதற்கு அந்நியமாகத் தோன்றுவதில்லை. தன்னைப் போலவே உலகை வியந்து பார்க்கும் ஒரு தோழன் கிடைத்துவிட்டதாகவே அது மகிழ்கிறது. மேலும், அந்த எல்லைக்கோட்டைக் குழந்தை வரையக் கற்பதற்கும் இத்தகைய நூலே துணை நிற்கிறது. மீனுக்குக் கால் இல்லை என்று அறிந்த குழந்தைதான் கால் முளைத்த மீனைக் கண்டு சிரிக்க முடியும். அந்தச் சிரிப்பு அது உண்மையை அறிந்துகொண்டதற்கு அடையாளமன்றோ?

நபிகளார் சிரித்த நிகழ்ச்சி

'கற்பனைக் கதை பொய்யல்லவா? பொய்யை நம் குழந்தைகளுக்கு நாமே கற்றுக் கொடுக்கலாமா?' என்னும் ஐயம் நம் சமுதாயத்தில் பலருக்கு உண்டு. பொய்யை வெறுக்கும் மார்க்கத்தைப் பின்பற்றுவோருக்கு இந்த ஐயம் எழுவது இயல்பே. அதை எள்ளி நகையாடிவிடக் கூடாது. அதற்கு விடை தேடுவோர் அபூதாவூத் நபிமொழித் தொகுப்பில் இடம்பெற்றுள்ள ஒரு நிகழ்ச்சியை நினைவுகூர்தல் நலம்.

அண்ணல் நபி (ஸல்) அவர்கள் ஒரு போர்ப்பயணத்திலிருந்து திரும்பியிருந்த வேளை. வீட்டின் மாடத்தை மறைத்திருந்த திரை காற்றில் விலக, அங்கே அன்னை ஆயிஷா (ரலி) அவர்களின் விளையாட்டுப் பொம்மைகள் தெரிந்தன. அவற்றின் நடுவே ஒரு குதிரை. துணித்துண்டுகளால் ஆன இரண்டு இறக்கைகள் அதற்கு இருந்தன. அது என்னவென்று பெருமானார் வினவினார்கள். குதிரை என்று விடை வந்தது. குதிரைக்கு இறக்கைகளா என்று அவர்கள் வியந்து கேட்க, சுலைமான் (அலை) அவர்களிடம் இறக்கையுள்ள குதிரைகள் இருந்ததைத் தாங்கள் கேள்விப்பட்டதில்லையா என்று அன்னையார் திருப்பிக் கேட்டார்கள். அது கேட்டுப் பெருமானார் தம் கடைவாய்ப் பற்கள் தெரியுமளவு சிரித்தார்கள்.

இந்நிகழ்ச்சியில் நாம் ஊன்றிக் கவனிக்க வேண்டியது ஒன்றுண்டு. உலகிற்கே ஆசானாக வந்தவர்கள் அந்த இறக்கைகளைப் பிய்த்து எறியச் சொல்லவில்லை; குதிரையின் உடற்கூறு பற்றிப் பாடம் நடத்தவும் இல்லை. வினவினார்கள், விடையைச் செவிமடுத்தார்கள், சிரித்தார்கள். அவ்வளவே.

பொய் என்பது பிறரை ஏமாற்றும் நோக்குடன் கூறப்படுவது. கதை சொல்பவரும் கேட்பவரும் இது கதை என்று அறிந்தே அமர்ந்திருக்கும்போது அங்கே ஏமாற்றப்படுபவர் எவருமில்லை. அதே வேளையில் இறைவேதம் அறிவிக்கும் வரலாறுகளையும் மனிதர் புனைந்த கதைகளையும் ஒரே தட்டில் வைத்துவிடாமல், 'இது நம் நம்பிக்கைக்குரிய செய்தி, இது விளையாட்டாகச் சொன்ன கதை' என்று குழந்தைக்குப் பிரித்துக் காட்டும் கடமை பெற்றோருக்கு உண்டு. குழந்தைகள் இந்த வேறுபாட்டை நாம் எண்ணுவதைவிட எளிதாகப் புரிந்துகொள்கின்றனர்.

முன்னோர் வைத்துச் சென்ற செல்வம்

விசித்திர நூல்கள் மேற்கிலிருந்து வந்த புதுச் சரக்கு என்று கருதுவோர் நம் பாட்டிமாரின் பழைய பெட்டிகளைத் திறந்து பார்க்க வேண்டும். இன்று நமக்கு முழுமையாகக் கிடைக்கும் தமிழ் இஸ்லாமிய இலக்கியங்களுள் காலத்தால் மூத்தது வண்ணப் பரிமளப் புலவர் 1572-ஆம் ஆண்டில் இயற்றிய 'ஆயிர மசலா'. மசலா என்றால் வினா. அடுக்கடுக்காக வினாக்களும் அவற்றுக்குரிய விடைகளுமே அந்நூலின் கட்டமைப்பு. பின்னர் எழுந்த 'நூறு மசலா'வில் ஓர் அரசிளங்குமரி விடுகதைகளை ஒத்த நூறு வினாக்களைத் தொடுக்கிறாள். அவளை மணக்க விரும்புபவன் அத்தனைக்கும் விடை பகர வேண்டும். எழுதப் படிக்கத் தெரியாத பெண்களும் கூடியிருந்து கேட்டு மகிழ்ந்த நூல்கள் இவை.

கீழக்கரை மாப்பிள்ளை லெப்பை ஆலிம் (1816-1898) அவர்களின் பெயரை அறியாதார் நம்மில் குறைவு. பெரும் மார்க்க மேதையாகத் திகழ்ந்த அவர்கள்தாம் 'மதீனத்துன் நுஹாஸ்' என்னும் தாமிரப் பட்டணக் கதையை அரபுத் தமிழில் வழங்கினார்கள். செம்பு நகரத்தைப் பற்றிய அந்த விந்தைக் கதையை எழுதுவது தம் கல்விக்கோ கண்ணியத்திற்கோ இழுக்கென்று அவர்கள் எண்ணவில்லை.

இன்னும் பின்னோக்கிச் சென்றால் வியப்பு மிகும். நம் நாட்டுப் பஞ்சதந்திரம் பாரசீகம் வழியாகச் சென்று, 8-ஆம் நூற்றாண்டில் இப்னுல் முகஃப்ஃபாவின் கைவண்ணத்தில் 'கலீலா வ திம்னா' என்னும் அரபு நூலாயிற்று. பேசும் நரிகள் இரண்டின் பெயரே அந்நூலின் பெயர். 10-ஆம் நூற்றாண்டில் பஸராவில் இயங்கிய 'இக்வானுஸ் ஸஃபா' என்னும் அறிஞர் குழு, விலங்குகள் எல்லாம் ஒன்றுகூடி ஜின்களின் அரசன் முன்னிலையில் மனிதன்மீது வழக்குத் தொடுப்பதாக ஒரு நூல் செய்தது. எங்களை அடிமைகளாக நடத்த இவனுக்கு என்ன உரிமை என்பது அவ்வழக்கின் சாரம்.

ஸ்பெயின் நாட்டு மருத்துவ மேதை இப்னு துஃபைல் 12-ஆம் நூற்றாண்டில் எழுதிய 'ஹய் இப்னு யக்ஸான்' இவற்றினும் விசித்திரமானது. ஆளில்லாத தீவில் ஒரு குழந்தை. அதைப் பாலூட்டி வளர்ப்பது ஒரு பெண்மான். ஒருநாள் மான் இறந்துவிடுகிறது. நேற்றுவரை ஓடியாடிய தாயிடமிருந்து நீங்கிச் சென்றது எது என்று அச்சிறுவன் தேடத் தொடங்குகிறான். அந்த ஒரு வினா அவனை உடல், நெருப்பு, விண்மீன்கள் என்று படிப்படியாக நடத்திச் சென்று, இறுதியில் படைத்தவனை உணரும் இடத்தில் கொண்டு நிறுத்துகிறது. 1671-இல் இலத்தீனிலும் 1708-இல் அரபிலிருந்து நேராக ஆங்கிலத்திலும் பெயர்க்கப்பட்டு ஐரோப்பிய அறிஞர்களின் கவனத்தை ஈர்த்தது இந்நூல். எகிப்து நாட்டுக் குழந்தை எழுத்தாளர் காமில் கீலானி 20-ஆம் நூற்றாண்டில் இதைச் சிறுவர்களுக்கென எளிமையாக்கி எழுதினார்.

இவை அனைத்திற்கும் பொதுவான இயல்பு ஒன்று உண்டு. இவை எல்லாமே வினாவைச் சுற்றிப் பின்னப்பட்டவை. நீதிக்கதை விடையைத் தானே சொல்லி முடித்துவிடுகிறது; படித்த குழந்தைக்கு நூலை மூடுவதைத் தவிர வேறு வேலை இல்லை. விசித்திரக் கதையோ ஒரு வினாவைக் குழந்தையின் மடியில் வைத்துவிட்டுச் சென்றுவிடுகிறது. நூலை மூடிய பின்னரே குழந்தையின் வேலை தொடங்குகிறது.

கடல் பொங்கிய பின்னர்

வினாவுக்கு ஆயத்த விடை இல்லாத ஒரு காலத்தை நம் கடற்கரை கண்டிருக்கிறது. 2004-ஆம் ஆண்டு டிசம்பர் 26-ஆம் நாள், ஞாயிற்றுக்கிழமை காலை. மரக்காணம் தொடங்கிப் புதுச்சேரி, கடலூர், நாகை என நீளும் கரையெங்கும் கடல் ஊருக்குள் புகுந்தது. பொம்மையார்பாளையம் போன்ற மீனவக் குடியிருப்புகளுக்குக் கடல் என்பது அதுவரை சோறு போட்ட தாய். அந்தத் தாய் ஏன் இப்படிச் செய்தாள் என்று கேட்ட குழந்தைக்கு எந்த நீதிக்கதை விடை கூறும்? நல்லவர் வாழ்வர், தீயவர் கெடுவர் என்று அன்றுவரை படித்த கதைகளை வைத்துக்கொண்டு, தன் தம்பியை இழந்த சிறுமி என்ன முடிவுக்கு வருவாள்? தம்பி என்ன தீமை செய்தான் என்றல்லவா அவள் தேடத் தொடங்குவாள்? எல்லாவற்றுக்கும் ஒரு நீதியை ஒட்டிப் பழக்கியதன் கேடு அத்தகைய நாளில்தான் வெளிப்படுகிறது.

அப்போது பொம்மையார்பாளையத்தை அடுத்துள்ள ஆரோவில்லில் ஒரு சிறு முயற்சி தோன்றியது. அங்குள்ள 'உபாசனா' என்னும் ஆடை வடிவமைப்பகமும் அதனை நடத்தும் உமா பிரஜாபதியும், கடலுக்கஞ்சி இடிந்துபோயிருந்த மீனவப் பெண்களுக்குக் கைத்தொழில் பயிற்சி அளித்தனர். ஆடை தைத்த பின் எஞ்சிய துணித்துண்டுகளைக் கொண்டு விரல் நீளமே உள்ள ஒரு சின்னஞ்சிறு பொம்மையை அப்பெண்கள் செய்தனர். 'சுனாமிகா' என்பது அதன் பெயர். உயிர்களை வாரிச் சென்ற பேரலையின் பெயரையே ஒரு பெண்குழந்தையின் பெயராக்கிப் பொம்மைக்குச் சூட்டியதை எண்ணிப் பாருங்கள்! முதலில் கேட்போருக்கு இது விபரீதமாகவே தோன்றும். ஆனால் பெயரைச் சொல்லவே அஞ்சிய ஒன்றைக் கையில் எடுத்துத் தடவிக் கொடுக்கும் துணிவை அது தந்தது.

2005-ஆம் ஆண்டில் தொடங்கிய அம்முயற்சியில் பொம்மைகள் விற்கப்படவில்லை, அன்பளிப்பாகவே வழங்கப்பட்டன. விரும்பியோர் அளித்த நன்கொடையில் அப்பெண்களுக்கு ஊதியம் கிடைத்தது. இலட்சக்கணக்கான சுனாமிகாக்கள் உலக நாடுகள் பலவற்றுக்குச் சென்று சேர்ந்தன. அந்தப் பொம்மையின் கதை குழந்தைகளுக்கான படநூலாகவும் வெளிவந்து பல மொழிகளில் பெயர்க்கப்பட்டது. அன்று நபிகளாரின் வீட்டு மாடத்தில் இருந்த குதிரையின் இறக்கைகளும் துணித்துண்டுகளே. இங்கே துயருற்ற தாய்மார் தைத்ததும் துணித்துண்டுகளையே. மனித மனம் தனக்கு விளங்காத ஒன்றை எதிர்கொள்ள இத்தகைய எளிய பொருள்களையே காலந்தோறும் நாடி வந்திருக்கிறது.

பெரியவர்கள் அஞ்சிய நூல்கள்

விசித்திர நூல்களைக் கண்டு அஞ்சுவது நம்மவர் மட்டுமல்லர். அமெரிக்க ஓவியர் மாரிஸ் செண்டாக் 1963-இல் ஒரு சிறு படநூலை வெளியிட்டார். குறும்பு செய்த சிறுவனை உணவின்றி உறங்கச் செல்லுமாறு தாய் அனுப்பிவிடுகிறாள். அவன் அறை காடாகிறது. அவன் கடல் கடந்து கோரப் பற்களுடைய விலங்குகளின் தீவுக்குச் சென்று அவற்றுக்கு அரசனாகிறான். பிறகு வீட்டு நினைவு வந்து திரும்புகிறான். அவனுக்கான உணவு அறையில் இருக்கிறது. இன்னும் சூடு ஆறவில்லை. குழந்தைகள் இதைக் கண்டு நடுங்கிவிடுவர் என்று நூலகர் சிலரும் கல்வியாளர் சிலரும் எதிர்ப்புத் தெரிவித்தனர். குழந்தைகளோ அந்நூலைத் திரும்பத் திரும்பக் கேட்டு வாங்கினர். 1964-இல் அந்நாட்டின் சிறந்த படநூலுக்கான கால்டெகாட் பதக்கம் அதற்குக் கிடைத்தது. பெரியவர்கள் கோரப் பற்களைப் பார்த்தனர். குழந்தைகள் சூடு ஆறாத உணவைப் பார்த்தனர். தாயின் சினம் தணிந்துவிட்டது என்பதை இதைவிட எவ்வாறு ஒரு குழந்தைக்குச் சொல்வது?

நம் நாட்டில் வங்கத்தின் சுகுமார் ராய் வாத்தையும் முள்ளம்பன்றியையும் ஒட்டவைத்து ஓர் உயிரினத்தையும், யானையையும் திமிங்கிலத்தையும் ஒட்டவைத்து மற்றொன்றையும் படைத்தார். பொருளற்றவை போல் தோன்றும் அவருடைய பாடல்களின் தொகுப்பான 'ஆபோல் தாபோல்' 1923-இல், அவர் நோயுற்று மறைந்த சில நாட்களிலேயே வெளிவந்தது. மரணப் படுக்கையில் இருந்தவர் பிறர் வீட்டுக் குழந்தைகளுக்காகச் சிரிப்பைச் சேமித்து வைத்துச் சென்றார்!

தமிழில் 1947 ஜூலையில் தொடங்கிய 'அம்புலிமாமா'வை மறந்தவர் யார்? இன்று அவ்விதழ் வெளிவருவதில்லை. ஆயினும் உருவிய வாளுடன், தோளில் பிணத்தைச் சுமந்து செல்லும் விக்கிரமாதித்தனை ஓவியர் சங்கர் வரைந்த சித்திரம் இன்றைய பாட்டன்மார், பாட்டிமார் பலரின் கண்முன் நிற்கும். பிணத்தினுள் இருந்து வேதாளம் கதை சொல்லும். கதை முடிந்ததும் கேள்வி கேட்கும். அரசன் வாய் திறப்பதற்குள் நாமே விடை சொல்லிப் பார்த்ததுண்டல்லவா? பிணம் பேசுவதைப் படித்து வளர்ந்த அந்தத் தலைமுறை கெட்டுப்போய்விடவில்லை.

சென்னையிலும் இத்தகைய பணி தொடர்கிறது. கீதா உல்ஃப் 1994-இல் நிறுவிய தாரா பதிப்பகம், பழங்குடி ஓவியர்களைக் கொண்டு குழந்தை நூல்கள் செய்வதில் உலகப் புகழ் பெற்றது. மத்தியப் பிரதேசத்துக் கோண்டு ஓவியர் பஜ்ஜு ஷியாம் ஓர் உணவகத்தின் சுவர்களில் ஓவியம் தீட்ட இலண்டன் சென்றார். தாம் கண்ட அந்நகரைத் தம் கானகக் கண்களாலேயே வரைந்தார். வானூர்தி பறக்கும் யானையாயிற்று. நகரப் பேருந்து நன்றியுள்ள நாயாயிற்று. புகழ்பெற்ற மணிக்கூண்டு விடியலை அறிவிக்கும் சேவலாயிற்று. 2004-இல் அது நூலாக வந்தது. வெள்ளையர் நம் நாட்டைக் கானகமாக வருணித்து எழுதிய காலம் போய், நம் கானகத்து மனிதர் அவர்களின் தலைநகரை வருணித்துவிட்டார்! கருந்தாளில் கைகளாலேயே அச்சிடப்பட்ட 'மரங்களின் இரவு வாழ்க்கை' என்னும் இப்பதிப்பகத்தின் மற்றொரு நூல் 2008-இல் இத்தாலியின் போலோனியா நகரில் பன்னாட்டுப் பரிசு பெற்றது.

1996-இல் தொடங்கிய சென்னைத் தூலிகா பதிப்பகம் தமிழ் உள்ளிட்ட பல மொழிகளில் குழந்தை நூல்களை வெளியிடுகிறது. அதன் நூல்களுள் நம் இல்லங்களுக்கு நெருக்கமானது இஸ்மத் என்னும் செருப்புத் தைப்பவரின் பெருநாள் கதை. புதுக் காற்சட்டை நீளமாயிருக்கிறது. குறைத்துத் தரக் கேட்டால் மனைவி, தாய், மகள் மூவருக்கும் பெருநாள் சமையல் வேலை. பின்னர் ஒவ்வொருவரும் மனமிரங்கி, ஒருவருக்குத் தெரியாமல் ஒருவர் அதைக் குறைத்துவிட, காற்சட்டையின் நிலை என்னவாகியிருக்கும்? சிரிப்பினூடே, அன்பு சில வேளைகளில் அளவு தவறிவிடுவதையும் பிள்ளைகள் உணர்ந்துகொள்வர்.

கனவில் கண்ட சமையலறை

வளர்ந்த பெண்பிள்ளைகளின் கையில் அவசியம் தர வேண்டிய ஒரு விந்தை நூல் உண்டு. வங்கத்து முஸ்லிம் பெண்மணி பேகம் ரொகேயா (1880-1932) ஆங்கிலத்தில் எழுதிய 'சுல்தானாவின் கனவு' என்னும் சிறுகதை 1905-இல் நம் சென்னையிலிருந்து வெளிவந்த ஒரு மகளிர் இதழிலேயே முதன்முதலில் அச்சேறியது. அக்கனவு நாட்டில் ஆண்கள் வீட்டினுள் இருக்கின்றனர். பெண்கள் நாட்டை ஆள்கின்றனர். மேகத்திலிருந்து குழாய் வழியே நீர் இறக்குகின்றனர். சமையலறையில் புகையில்லை, கரியில்லை. சூரிய வெப்பமே சமைக்கிறது.

படிப்பறிவு பெறவே பெண்கள் போராட வேண்டியிருந்த நாளில் இதைவிடக் கிறுக்குத்தனமான கதை வேறு இருந்திருக்க முடியுமா? ஆயினும் அதைக் கனவு கண்ட அம்மையார் 1911-இல் கல்கத்தாவில் முஸ்லிம் சிறுமியர்க்கெனப் பள்ளியை நிறுவி நடத்தினார். இன்று பொம்மையார்பாளையத்திற்கு மேற்கே ஆரோவில்லில், 1997-இல் செயல்படத் தொடங்கிய பொதுச் சமையற்கூடத்தின் கூரைமீது 15 மீட்டர் விட்டமுள்ள ஒரு மாபெரும் கிண்ணம் அமைக்கப்பட்டிருக்கிறது. சிறு கண்ணாடிகள் பதித்த அக்கிண்ணம் சூரிய வெப்பத்தைக் குவித்து, சமையலுக்கு வேண்டிய நீராவியை உண்டாக்குவதற்கென அமைந்தது. ரொகேயாவின் கதையைப் படித்துத்தான் அதைக் கட்டினார்கள் என்று கூற வரவில்லை. புகையில்லாத சமையலறை இருக்க முடியாதா என்னும் வினா, ஒரு பெண்ணின் மனத்தில் அத்தனை ஆண்டுகளுக்கு முன்பே எழுந்துவிட்டது. அவ்வினாவை எவரும் 'உருப்படியாக ஒன்றை எழுது' என்று தடுத்துவிடவில்லை என்பதே நாம் மகிழ வேண்டியது.

தாய்மார்களின் கவனத்திற்கு

விசித்திரமானது என்பதற்காகவே எல்லா நூலும் நல்லதாகிவிடாது. நிறத்தையோ, உடற்குறையையோ, பிற சமயத்தவரையோ, ஏழ்மையையோ கேலி செய்து சிரிக்க வைக்கும் நூலைத் தயங்காமல் விலக்கி விடுங்கள். கொடுமையைச் சுவையாகக் காட்டும் நூலும் வேண்டாம். சில குழந்தைகள் இயல்பிலேயே மிக அஞ்சுவர். அவர்களுக்குப் பகலில், உங்கள் அருகில் அமர்த்திப் படித்துக் காட்டுங்கள். குழந்தை 'போதும்' என்றால் அந்த இடத்திலேயே நிறுத்திவிடுங்கள்.

நூலை முதலில் நீங்கள் முழுவதும் படியுங்கள். அட்டையைப் பார்த்துத் தீர்ப்பு வழங்காதீர்கள். கதை முடிந்ததும் "இதிலிருந்து என்ன தெரிந்துகொண்டாய்?" என்று தேர்வு நடத்தும் வழக்கத்தைச் சற்றே நிறுத்தி வையுங்கள். "மீனுக்குக் கால் இருந்தால் அது எங்கே போகும்?" என்று குழந்தை கேட்டால், "நீ என்ன நினைக்கிறாய்?" என்று திருப்பிக் கேளுங்கள். விடை எதுவாயினும் திருத்த வேண்டாம். ஒரே நூலை இருபது முறை படிக்கச் சொன்னால் சலித்துக்கொள்ளாதீர்கள். ஒவ்வொரு முறையும் குழந்தை வேறொன்றைத் தேடிக்கொண்டிருக்கிறது.

விலை மிகுந்த நூல்களை எல்லாரும் வாங்க இயலாது. வாங்கித்தான் தீர வேண்டும் என்பதும் இல்லை. இந்திய விடுதலைக்குப் பின் நூலகச் சட்டம் இயற்றிய முதல் மாநிலம் நம்முடையது, ஆண்டு 1948. வீட்டு வரியோடு நூலக வரியையும் நாம் செலுத்தி வருகிறோம். எனவே கிளை நூலகத்தில் குழந்தைகளுக்கான நூல்களைக் கேட்பது நமது உரிமை. நம் ஜமாஅத்தினர் மனம் வைத்தால் ஒவ்வொரு மக்தபிலும் ஒரு பெட்டி நிறையக் கதைநூல்கள் வைக்கலாம். வீட்டில் பாட்டி இருந்தால் அவரிடம் பழைய கிஸ்ஸாக்களையும் மசலாக்களையும் கேட்டுச் சொல்லச் செய்யுங்கள். அவரோடு அவை மறைந்துவிடும் முன் ஓர் ஏட்டில் எழுதியும் வையுங்கள்.

அடுத்த முறை பிள்ளைகளோடு புத்தகக் கடைக்குச் செல்லும்போது பாடத்துக்கு வேண்டியவற்றை நீங்கள் தேர்ந்தெடுங்கள். ஒரே ஒரு நூலை மட்டும் குழந்தையே தேர்ந்தெடுக்க விட்டுவிடுங்கள். அது எவ்வளவு விசித்திரமாக இருப்பினும் வாங்கிக் கொடுத்து, அன்றிரவு அதன் அருகில் அமர்ந்து, "இது என்ன?" என்று அன்போடு கேளுங்கள். குதிரைக்கு இறக்கை எப்படி வந்தது என்பதற்கு உங்கள் பிள்ளையிடமும் ஒரு விடை இருக்கும்.